பாட்டுக்கு நடுவே – கடிதம்

அன்புள்ள சார்,

நான் வேளாண்மை படித்தவன். மெக்சிகோவில் ஹலிஸ்கோ மாநிலத்தின் தெற்கே, சியுதாத் குஸ்மான் என்ற ஊரில் ஒரு பசுமைக்குடில் நிறுவனத்தில் வேலை பார்க்கிறேன். மனைவியும் ஆறு வயது மகளும் உடன் இருக்கிறார்கள்.

இங்கே வணிகப் பண்பலை ஒன்று உண்டு. நாள் முழுக்க ஸ்பானிய பாப் பாட்டு. காலையில் போட்டதையே மாலையிலும் போடுவார்கள். நடுவே உரக்கடை, மருந்துக்கடை, டயர்கடை விளம்பரங்கள், பிறந்தநாள் வாழ்த்துகள். அது போதாதென்று அரசாங்க அறிவிப்பு, தேர்தல் வந்தால் கட்சிகள், காலை ஆறு மணிக்கு தேசிய கீதம். பக்கத்து வீட்டு அம்மா சத்தமாக வைப்பதால் எங்களாலும் தப்பிக்க முடியவில்லை. இங்கே படித்தவர்கள் யாரும் அதைக் கேட்பதில்லை. நானும் போனில் செயலி வைத்திருக்கிறேன். என் ரசனைக்கு ஏற்ற பாட்டை அதுவே தேர்ந்து தருகிறது.

பிரச்சினை என் மகள்தான். டயர்கடை விளம்பரத்தைப் பாடிக்கொண்டேதான் சாப்பிடுகிறாள். தமிழில் கேட்டால் ஸ்பானிஷில் பதில் வருகிறது. இந்த மலிவான ரசனை அவளுக்குள் இறங்கிவிடுமோ என்று பயமாக இருக்கிறது. இந்த மாதிரி வானொலியிலிருந்து கலை என்று எதுவாவது வந்திருக்கிறதா? செயலிகள் வந்தபின் இதெல்லாம் எத்தனை நாளைக்கு? அவளைத் தமிழில் நிறுத்திவைக்க நான் என்ன செய்யவேண்டும்?

எஸ்.

அன்புள்ள எஸ்,

பொதுவாக இப்படிப்பட்ட கடிதங்களுக்கு இரண்டு வரியில் பதில் போட்டு முடித்துவிடுவேன். உங்கள் ஊர்ப்பெயரைப் பார்த்ததும் நிமிர்ந்து உட்கார்ந்தேன். சில ஆண்டுகளுக்கு முன் ஒரு மழைக்காலத்தில் அந்த ஊரில் தங்கியிருக்கிறேன். போதாக்குறைக்கு, சிறுநகர வானொலிகளைப் பற்றி ஒரு கட்டுரை எழுத உட்கார்ந்து, பாதியில் நின்றுபோயிருந்த வாரம் இது.

முதலில் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். 'படித்தவர்கள் யாரும் கேட்பதில்லை' என்ற அந்த வரியை நீங்கள் எழுதியிருக்கக்கூடாது. உங்கள் பசுமைக்குடிலுக்குள் தினமும் குனிந்து நிமிர்கிறவர்களில் பலர் கெரேரோ, சியாபாஸ் என்ற தெற்கு மாநிலங்களிலிருந்து பிழைக்க வந்தவர்களாக இருப்பார்கள். அவர்களை ஏற்றிவரும் பஸ்ஸில் என்ன ஓடுகிறது என்று ஒருநாளாவது கேட்டிருக்கிறீர்களா? நீங்கள் விளைவிப்பதைப் பறிக்கிற ஆட்கள் கேட்கும் வானொலி உங்களுக்கு மலிவாகத் தெரிகிறது. விவசாயப் பட்டப்படிப்பில் இதைச் சொல்லித்தரமாட்டார்கள், சரி. பஸ்ஸில் ஒரு நாள் ஏறினால் தெரிந்துவிடும்.

கலை வந்திருக்கிறதா என்று கேட்கிறீர்கள். நீங்கள் குடியிருக்கும் ஊரில் 1916-ல் பிறந்தவர் கொன்சுவேலோ வெலாஸ்கெஸ். 'பேசமே மூச்சோ' அவர் எழுதிய பாட்டு. 'நிறைய முத்தமிடு' என்று பொருள். யாரையும் முத்தமிட்டறியாத வயதில் எழுதினேன் என்று பிற்காலத்தில் அவரே சொல்லியிருக்கிறார். குழந்தையாக இருக்கும்போதே குடும்பம் குவாதலஹாராவுக்குப் போய்விட்டது. அப்புறம் மெக்சிகோ நகரம். அங்கே அவர் பியானோ வாசித்த இடம் எக்ஸ்.ஈ.க்யூ. என்ற வானொலி. அது ஒன்றும் அரசாங்கத்தின் கலைக்கூடம் அல்ல. எமிலியோ அஸ்காராகா என்ற வணிகர் 1930-ல் எக்ஸ்.ஈ.டபிள்யூ. நிலையத்தைத் தொடங்கினார். அது நன்றாக ஓடவே 1938-ல் அவர் போட்ட இரண்டாவது கடைதான் எக்ஸ்.ஈ.க்யூ. சுத்தமான விளம்பர வானொலி. அந்தப் பாட்டு 1944-ல் ஜிம்மி டார்சி என்ற அமெரிக்க இசைக்கலைஞரின் குழு கையில் அமெரிக்காவில் முதலிடத்துக்குப் போனது. 1962 புத்தாண்டு அன்று லண்டனில் டெக்கா இசைத்தட்டு நிறுவனத்துக்கு பீட்டில்ஸ் பாடிக்காட்டிய பாட்டுகளில் அதுவும் ஒன்று. டெக்கா அவர்களை வேண்டாம் என்று அனுப்பிவிட்டது, அது வேறு கதை. மரியாச்சி என்ற மெக்சிகோ நாட்டார் இசையில் புகழ்பெற்ற வார்காஸ் குழுவின் இசையை மாற்றியமைத்த ரூபென் ஃபுவென்டெஸும் உங்கள் ஊரில் பிறந்தவர்தான். ஊரில் யாரையாவது கேளுங்கள், பெருமையாகச் சொல்வார்கள்.

ஆனால் இந்த வாதத்தில் எனக்கே பெரிய ஈடுபாடு இல்லை. மேதைகள் வந்தார்கள் என்பதற்காகத்தான் ஒரு வானொலி இருக்கலாம் என்றால், மேதை யாரும் வராத வானொலியை இழுத்து மூடிவிடலாமா? உங்கள் ஊர் நிலையத்திலிருந்து இன்னும் நூறு வருடத்துக்கு ஒரு நல்ல பாட்டுகூட வராமல் போகலாம். போகட்டும்.

அரசாங்க அறிவிப்பு, கட்சி விளம்பரம் பற்றிய புலம்பலுக்கெல்லாம் என்னிடம் பதில் இல்லை. 1960-ல் வந்த சட்டத்திலிருந்தே நிலையங்கள் தினமும் அரை மணி நேரம் அரசுக்கு விடவேண்டும். 2007 சீர்திருத்தத்துக்குப் பிறகு கட்சிகள் காசு கொடுத்து நேரம் வாங்கமுடியாது, தேர்தல் ஆணையம்தான் பங்கிட்டுத் தருகிறது. காசுள்ள கட்சி மட்டும் நாள் முழுக்கக் கத்துவதைவிட இது மேல். ஞாயிறு இரவு பத்து மணிக்கு எல்லா நிலையங்களும் அரசின் 'தேசிய நேரம்' ஒலிபரப்பவேண்டும். 1937-லிருந்து நடக்கிறது. அப்போது வானொலியை அணைத்துவிடுங்கள். மெக்சிகோவில் பாதிப்பேர் அதைத்தான் செய்கிறார்கள்.

இனி நான் சொல்லவந்ததற்கு வருகிறேன். அந்த நிலையத்தில் ஓடும் பாட்டு உங்கள் ஊருடையது அல்ல. மயாமியிலோ மெக்சிகோ நகரத்திலோ செய்தது. அதே பாட்டு அதே நாளில் நாட்டின் ஒரு கோடியில் திஹுவானாவிலும் ஓடும், மறுகோடியில் மெரிடாவிலும் ஓடும். பாட்டுக்கு நடுவே வருகிறதே, நீங்கள் எரிச்சல்படுகிற அந்தச் சரக்கு, அதுதான் உங்கள் ஊருடையது. அதற்காகத்தான் ஜனங்கள் வானொலியைத் திறந்துவைக்கிறார்கள். பாட்டு சும்மா இடத்தை நிரப்புகிறது.

நான் தங்கியிருந்தபோது சந்தைக்குப் பக்கத்தில் ஒரு சின்ன சாப்பாட்டுக் கடையில்தான் காலையும் மதியமும் சாப்பாடு. அதை நடத்தியவர் அறுபதைத் தாண்டிய அம்மா. எல்லாரும் அவரை மரியாதையாக தோன்யா என்றுதான் கூப்பிடுவார்கள். குளிர்பெட்டியின் மேல் வானொலி இருக்கும், எண்ணெய்ப் பிசுக்கு படாமலிருக்க பிளாஸ்டிக் உறை போட்டு. பாட்டு ஓடும்போது அவர் அதைக் கேட்பதாகவே தெரியாது. சோளமாவைத் தட்டிக்கொண்டே நான்கு பேரிடம் பேசுவார், ஒருவரைத் திட்டுவார். பாட்டு முடிந்து அறிவிப்பாளரின் குரல் வந்ததும் கை நின்றுவிடும். இன்று இரவு திறந்திருக்கும் மருந்துக்கடை எது, எந்தத் தெருவில் தண்ணீர் வராது, பேருந்து நிலையத்தில் கிடைத்த ஓட்டுநர் உரிமம் யாருடையது, அதை நிலையத்தின் வரவேற்பறையில் வந்து வாங்கிக்கொள்ளலாம் என்பது வரை எல்லாம் வரும். அடுத்து வாழ்த்துகள். கலிஃபோர்னியாவிலிருந்து ஒரு மகன் அம்மாவுக்கு, அவகாடோ சிப்பம் கட்டும் கூடத்திலிருந்து ஒரு பெண் தன் தோழிக்கு.

யார் யாருக்கு வாழ்த்துச் சொன்னார்கள் என்பதில் தோன்யாவுக்கு அவ்வளவு அக்கறை இல்லை. சொல்லாமல் விட்டவர்களைத்தான் கவனிப்பார். ஒருநாள் வாழ்த்துகள் முடிந்து அடுத்த பாட்டு தொடங்கியபின்பும் கையில் மாவோடு நின்றுகொண்டிருந்தார். 'போன வருஷம் இதே நாளில் பொண்டாட்டிக்கு வாழ்த்துச் சொன்னான். இந்த வருஷம் சொல்லலை. என்னமோ நடந்திருக்கு' என்றார். மத்தியானத்துக்குள் விசாரித்துத் தெரிந்துகொண்டுவிட்டார். என்ன விஷயம் என்று என்னிடம் சொல்லவில்லை. சொன்னால் நான் எழுதிவிடுவேன் என்று யாரோ எச்சரித்திருக்கவேண்டும்.

அந்த அறிவிப்பாளர் அவருக்கு ஏதோ ஒருவகையில் மருமகன் முறை. நிலையத்துக்கு என்னைக் கூட்டிப்போனார். ஒரு துணிக்கடையின் மாடியில் இரண்டு அறை. ஒலிப்பதிவு அறையில் இரண்டாவது ஆளுக்கு இடமில்லை, நான் கதவைப் பிடித்துக்கொண்டு நின்றேன். மேஜையில் டயர்கடைக்காரர் தன் கையாலேயே எழுதிக்கொடுத்த விளம்பரத்தாள். விலையை அடித்து மேலே ஒரு விலை, அதையும் அடித்து ஓரத்தில் இன்னொரு விலை. அவர் அதைப் படித்து முடிப்பதற்குள் போனில் செய்தி வந்துவிட்டது: 'விலையை இன்னொருதரம் சொல்லு, மெதுவா சொல்லு.' கடைக்காரர் எதிர்வரிசையில் கடைக்குள் உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருக்கிறார்! அறிவிப்பாளரும் சலிக்காமல் மெதுவாகச் சொன்னார்.

காலையில் விளம்பரம் பிடிக்கக் கடைகடையாக ஏறுவதும் அவரேதான், மத்தியானம் அதை வாசிப்பதும் அவரேதான். காசு கொடுக்கமுடியாத கடைக்காரர்கள் பண்டமாகக் கொடுப்பார்கள். ஓர் உணவகம் விளம்பரத்துக்குப் பதில் சாப்பாட்டுச் சீட்டுகள் தந்திருந்தது. அதில் சிலதைப் போட்டிப்பரிசாக நேயர்களுக்குக் கொடுத்தார்கள். ஒன்றை எடுத்துத் தன் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு என்னைப் பார்த்துச் சிரித்தார். சம்பளம் வர நாளாகும், சாப்பாடு இப்போதே வந்துவிட்டது அல்லவா?

நிகழ்ச்சிக் கலை என்றும் ஊடக அறம் என்றும் கருத்தரங்குகளில் பேசுகிறவர்களை ஒருவாரம் அந்த அறையில் கொண்டுபோய் உட்காரவைக்க ஆசை. நாளுக்கு ஐந்து மணிநேரம் மைக்கின் முன் இருந்துகொண்டு, ஒரு பெயரையும் தப்பாக வாசிக்காமல், ஒரு விலையையும் மாற்றிச் சொல்லாமல், எந்த வீட்டுச் சண்டையிலும் மாட்டிக்கொள்ளாமல் பேசிப்பார்க்கட்டும். ஊர் முழுக்க உறவுக்காரர்கள். பெயர் தப்பினால் சாயங்காலம் வீட்டு வாசலில் வந்து நிற்பார்கள்.

எனக்கு உண்மையான கவலை வேறு இடத்தில் இருக்கிறது. நீங்கள் வானொலியின் ரசனையைப் பார்த்துப் பயப்படுகிறீர்கள். நான் அதன் நடுப்பகுதி காணாமல்போவதைப் பார்த்துப் பயப்படுகிறேன். 2008-ல் வந்த அரசாணைக்குப் பிறகு மெக்சிகோவின் மத்திய அலை நிலையங்கள் நூற்றுக்கணக்கில் பண்பலைக்கு மாறின. சிறிய ஊர்களில்கூட ஒரே நேயர் கூட்டத்துக்குப் பல நிலையங்கள். தாக்குப்பிடிக்க என்ன வழி? உரிமம் உள்ளூர்க் குடும்பத்தின் கையில் இருக்கும், வாசல் பலகை மட்டும் மாறும். எக்ஸா, லாஸ் குவாரென்டா மாதிரி நாடறிந்த ஒரு பெயரை வாங்கி மாட்டிக்கொள்வார்கள். கூடவே தலைநகரத்தின் காலை நிகழ்ச்சியும் வரும். நல்ல குரல், நல்ல ஒலி, நகைச்சுவையும் பரவாயில்லை. நாட்டின் எந்த மூலையிலும் பொருந்துகிற மாதிரி பேசுவார்கள். அதனால் எந்தத் தெருவின் பெயரும் வராது. உள்ளூர் ஆளுக்கு மத்தியானம் இரண்டு மணிநேரம் ஒதுக்குவார்கள். அப்புறம் அதையும் முன்கூட்டியே பதிவுசெய்துவைக்கச் சொல்வார்கள்.

உங்கள் ஊர் இருக்கும் இடத்தை யோசித்துப்பாருங்கள். 1985 செப்டம்பர் 19 நிலநடுக்கம் என்றால் உலகத்துக்கு மெக்சிகோ நகரம்தான் ஞாபகம். தலைநகருக்கு வெளியே மிக மோசமாக அடிவாங்கிய ஊர்களில் உங்கள் ஊரும் ஒன்று. 2022-ல் அதே செப்டம்பர் 19 அன்று, நாடு முழுக்க ஒத்திகை முடிந்து ஒரு மணி நேரம்கூட ஆகாத நிலையில், மிச்சோவாகானில் 7.7 அளவில் பூமி ஆடியது. மறுபக்கம் கொலிமா எரிமலை. 1913-ல் அது வெடித்தபோது சாம்பல் உங்கள் ஊர்க் கூரைகளில் விழுந்தது. 2015-லும் சுற்றுப்புற ஊர்களில் சாம்பல் கொட்டியது. இப்படி ஓர் இடத்தில் பூமி ஆடி நின்றபிறகு, தலைநகரத்துக் குரல் தலைநகரத்தைப் பற்றிப் பேசும். எந்தப் பள்ளிச் சுவர் விரிசல் விட்டிருக்கிறது, குழந்தைகளை எந்த வாசலில் வந்து கூட்டிப்போகலாம் என்று சொல்ல, அந்தப் பள்ளியில் படித்த ஓர் ஆள் மைக்கின் முன் இருந்தாகவேண்டும். அப்படிப்பட்ட ஆளை அன்றைக்கு மட்டும் வாடகைக்கு எடுக்கமுடியாது. நிலநடுக்கம் இல்லாத மற்ற நாட்களில் அவருக்குச் சோறு போடுவது டயர்கடை விளம்பரம்தான்.

செயலியைப் பற்றிக் கேட்டிருந்தீர்கள். பாட்டுக்கு அது நல்ல கருவி, நானும் வைத்திருக்கிறேன்.

மகள் விஷயம். அந்தப் பயம் எனக்குப் புரிகிறது. வேற்றூரில் பிள்ளை வளர்ப்பவர்கள் எல்லாருக்கும் இரவில் வருகிற பயம்தான். ஆனால் டயர்கடைப் பாட்டைப் பாடுகிற குழந்தைக்கு டயர்கடை எங்கே இருக்கிறது என்று தெரிந்திருக்கும். உங்களுக்குத் தெரியுமா? வண்டி பஞ்சரானால் அவளைக் கேளுங்கள். அவள் அந்த ஊர்க் குழந்தையாகிக்கொண்டிருக்கிறாள், நல்லதுதான். பக்கத்து வீட்டு அம்மாவின் வானொலியைக் குறைசொல்லி அவள் தமிழைக் காப்பாற்ற முடியாது. சாப்பிடும்போது உங்கள் கையில் போன் இருக்கிறதா இல்லையா என்பதை யோசித்துப்பாருங்கள். அவள் ஸ்பானிஷில் பதில் சொன்னால் நீங்கள் தமிழிலேயே அடுத்த கேள்வியைக் கேளுங்கள். முகத்தைச் சுளிக்காமல் கேளுங்கள், அது முக்கியம். டயர்கடைப் பாட்டுக்குத் தமிழில் வரி போட்டுக் கொடுங்களேன். மெட்டு ஏற்கெனவே அவளிடம் இருக்கிறது.

எனக்கு ஓர் உதவி செய்யவேண்டும். அக்டோபரில் உங்கள் ஊரில் புனித யோசேப்பு திருவிழா வரும். 18-ம் நூற்றாண்டில் நிலநடுக்கத்துக்குப் பயந்து ஊர் செய்துகொண்ட நேர்ச்சை. கிலுகிலுப்பைக் கோல் பிடித்து ஆடும் சோனஹெரோக்கள் தெருவில் இறங்கும் நாட்கள். அந்த வாரத்தில் அந்த நிலையம் பேசுவதை ஒரு காலைப்பொழுது முழுக்கப் பதிவுசெய்து அனுப்புங்கள். பாட்டுகளை வெட்டிவிடலாம். விளம்பரத்தில் கைவைக்காதீர்கள்.

அன்புடன்.