கேம் ஐகான் மாற்ற வேண்டுமா? கொழிஞ்சாம்பாறையிலிருந்து சில பதில்கள்

கொழிஞ்சாம்பாறையில் டிடிபி, ஃபிளெக்ஸ் டிசைன் வேலை செய்கிறேன். கம்ப்யூட்டரில் இருக்கும் கேம்களுக்குச் சொந்தமாக ஐகான் வைப்பது பற்றி வேலந்தாவளத்திலிருந்து மூணாறு வரைக்கும் பல பேர் கேட்டிருந்தீர்கள், எல்லாவற்றுக்கும் ஒரே இடத்தில் பதில் எழுதிவிடுகிறேன். நான் சொல்வது விண்டோஸ் 10, 11 இரண்டுக்கும் பொருந்தும். ஒரு கேள்வி மட்டும் லினக்ஸ் பற்றியது.

வேலந்தாவளத்திலிருந்து ஒரு தம்பி: அக்கா, ஒரு பிஎன்ஜி படத்தை எடுத்து பேர் கடைசியில் ஐகோ என்று மாற்றி வைத்தேன். ஷார்ட்கட் ப்ராப்பர்ட்டீஸில் இருக்கும் சேஞ்ச் ஐகானில் கொடுத்தால் எடுக்கவே மாட்டேங்குது. படம் நல்லாத்தானே இருக்கு?

பேரை மாற்றினால் உள்ளே இருப்பது மாறாது தம்பி. ஐகோ என்பது விண்டோஸ் ஐகானுக்கான ஃபைல் வகை, அதற்குள் ஒரே படம் பல அளவுகளில் அடுக்கி வைத்திருக்கும், 16, 24, 32, 48, 256 பிக்சல் என்று. டெஸ்க்டாப்பில் சாதாரணமாகத் தெரிவது 48, டாஸ்க்பாரில் 24, ஃபோல்டரை லிஸ்ட்டாகப் பார்க்கும்போது 16, எக்ஸ்ட்ரா லார்ஜ் வைத்தால் 256. எந்த இடத்துக்கு எது வேண்டுமோ அதை விண்டோஸ் எடுத்துக்கொள்ளும். இந்த 256 அளவு 2007-இல் விஸ்டாவோடு வந்தது, அதற்கு முன்னால் 48-தான் பெரிது, அதனால்தான் பழைய கேம்களின் ஐகான் இன்றைய திரையில் மங்கலாகத் தெரிகிறது.

செய்கிற வழி: ஜிம்ப் இலவசம், அதில் படத்தைத் திற. முதலில் சதுரமாக வெட்டு, 256-க்குச் சுருக்கு. லேயரை டூப்ளிகேட் செய்து ஒவ்வொரு லேயரையும் 48, 32, 24, 16 என்று தனித்தனியாகச் சுருக்கு. எக்ஸ்போர்ட் கொடுக்கும்போது ஃபைல் பெயரை ஐகோ என்று முடித்தால் ஒவ்வொரு லேயரும் ஒரு அளவாகப் போய் உட்கார்ந்துவிடும். அப்போது வரும் பெட்டியில் 256-க்கு மட்டும் கம்ப்ரெஸ்டு பிஎன்ஜி டிக் போடு. இணையத்தில் மாற்றித் தரும் தளங்களும் உண்டு, ஆனால் சிலது ஒரே ஒரு அளவை மட்டும் போட்டுத் தரும், டவுன்லோட் செய்ததை ஜிம்ப்பில் திறந்து எத்தனை லேயர் இருக்கிறது என்று பார்த்துக்கொள்.

சித்தூரிலிருந்து (நம்ம பாலக்காட்டுச் சித்தூர்): ஏஜ் ஆஃப் எம்பயர்ஸுக்கு எங்க ஊர் கொங்கன்படை போட்டோவையே ஐகானாக வைத்தேன். பெரிதாகப் பார்த்தால் அருமை, டெஸ்க்டாப்பில் சேறு மாதிரி இருக்கு. என்ன செய்ய?

இந்த யோசனை எனக்கு ரொம்பப் பிடித்திருக்கிறது. கொங்குப் படையோடு நடந்த போரை நினைத்துக் கொண்டாடுகிற திருவிழாவை ஒரு போர் கேமுக்கு வைப்பதை விடப் பொருத்தம் வேறு என்ன இருக்கிறது? ஆனால் கூட்டம், வெளிச்சம், ஆலமரம் என்று எல்லாம் சேர்ந்த போட்டோவை 48 பிக்சலில் திணித்தால் சேறுதான் வரும். மொத்தம் 2304 புள்ளிகள், அவ்வளவுதான் உங்களிடம் இருப்பது. 16-இல் வெறும் 256 புள்ளிகள்.

அதனால் போட்டோவிலிருந்து ஒரே ஒரு பொருளை எடுங்கள். ஒரு வாள், இல்லை ஒரு குதிரைத் தலை. முகம் வேண்டாம், சின்ன அளவில் எல்லா முகமும் ஒன்றுதான். எடுத்த உருவத்தை முழுக் கறுப்பாக நிரப்பிப் பாருங்கள், அப்போதும் அது என்னவென்று தெரிந்தால் அந்த உருவம் தாங்கும். பின்னணியை அழித்து டிரான்ஸ்பரண்டாக வையுங்கள். வால்பேப்பர் கறுப்போ வெள்ளையோ, எதன் மேலும் தெரிவதற்கு உருவத்தைச் சுற்றி மெல்லிய வெளிர் கோடு ஒன்று கொடுங்கள். நிறம் இரண்டு போதும், மூன்றுக்கு மேல் போகவே வேண்டாம்.

முக்கியமான விஷயம், 16-ஐயும் 24-ஐயும் சுருக்கி எடுக்காதீர்கள், தனியாக வரையுங்கள். நம் பக்கத்துப் பனைமரத்தை ஒருமுறை ஐகானாகச் செய்தபோது 256-இல் அடிமரம், ஓலை, நுங்குக் குலை எல்லாம் வைத்தேன், ஆனால் 16-க்கு அடிமரத்தை முழுவதும் எடுத்துவிட்டு உச்சிக் கொண்டையை மட்டும் பெரிதாக வரைந்தேன், அப்போதுதான் பனை என்று தெரிந்தது. ஃபிளெக்ஸ் வேலையில் பத்தடிக்குப் பெரிதாக்கும்போது என்ன சேர்க்கலாம் என்று யோசிப்போம், இங்கே எதை எடுக்கலாம் என்பதுதான் முழு வேலையும். ஐகான் செய்கிறவர்கள் பெரும்பாலும் இதைச் செய்வதில்லை, ஒரு நல்ல படத்தைப் பிடித்துச் சுருக்கிவிட்டு முடிந்தது என்கிறார்கள். கொஞ்சம் பொறுமையாக உட்கார்ந்தால் எவ்வளவு வித்தியாசம் என்று நீங்களே பார்ப்பீர்கள்.

குமுளியிலிருந்து: ஸ்டீம் (கேம் வாங்கி விளையாடும் ஆப்) கேம்கள் எல்லாம் திடீரென்று வெள்ளைத் தாள் மாதிரி ஆகிவிட்டன. கேம் ஓடுது, ஐகான் மட்டும் இல்லை. வைரஸா?

வைரஸ் இல்லை, பயப்படாதீர்கள். ஸ்டீம் டெஸ்க்டாப்பில் போடும் ஷார்ட்கட் மற்ற கேம் ஷார்ட்கட் மாதிரி கேம் ஃபைலை நேராகக் காட்டாது, அது ஒரு இணைய முகவரி வகை ஷார்ட்கட். உள்ளே கேமின் எண்ணும், ஐகான் ஃபைல் எங்கே இருக்கிறது என்ற வழியும் மட்டும் எழுதியிருக்கும், நோட்பேடில் திறந்தால் நீங்களே படிக்கலாம். அந்த ஐகான்கள் ஸ்டீம் ஃபோல்டருக்குள் இன்னொரு ஸ்டீம் ஃபோல்டர், அதற்குள் கேம்ஸ் என்ற ஃபோல்டரில் நீளநீளமான பெயரோடு இருக்கும். ஸ்டீமை வேறு டிரைவுக்கு மாற்றினாலோ திரும்ப இன்ஸ்டால் செய்தாலோ அந்த வழி பொய்யாகிவிடும், விண்டோஸ் வெள்ளைத் தாளைக் காட்டும்.

பழைய ஷார்ட்கட்டை அழித்துவிட்டு, ஸ்டீம் லைப்ரரியில் கேமை ரைட் கிளிக் செய்து மேனேஜ், ஆட் டெஸ்க்டாப் ஷார்ட்கட் கொடுங்கள், பெரும்பாலும் ஐகானும் சேர்ந்து வந்துவிடும். சொந்த ஐகான் வைக்க வேண்டுமென்றால் ஷார்ட்கட்டின் ப்ராப்பர்ட்டீஸில் வெப் டாக்குமென்ட் என்ற பக்கத்தில் சேஞ்ச் ஐகான் இருக்கும். சாதாரண ஷார்ட்கட்டில் அதே பொத்தான் ஷார்ட்கட் என்ற பக்கத்தில்.

எந்த வகை ஷார்ட்கட்டாக இருந்தாலும் விண்டோஸ் ஐகான் படத்தை உள்ளே எடுத்து வைத்துக்கொள்ளாது, இருக்கும் இடத்தை மட்டும் குறித்துக்கொள்ளும். டவுன்லோட்ஸில் இருந்தோ பென்டிரைவில் இருந்தோ வைத்தால் அதை அழித்த அன்றே ஐகானும் போகும். டாக்குமென்ட்ஸில் ஐகான்களுக்கென்று ஒரு ஃபோல்டர் போட்டு அங்கிருந்து மட்டும் கொடுங்கள்.

மூணாறிலிருந்து: ஐகோ ஃபைலைத் திருத்தி சேவ் செய்தும் பழைய ஐகானே காட்டுது தங்கச்சி.

அது விண்டோஸின் ஐகான் கேஷ், அண்ணா. ஒருமுறை பார்த்த ஐகானைச் சேமித்து வைத்துக்கொண்டு அதையே திரும்பத் திரும்பக் காட்டும். அதே பெயரில் சேவ் செய்ததால்தான் இந்தத் தொல்லை. திருத்திய ஃபைலை வேறு பெயரில் சேவ் செய்து, சேஞ்ச் ஐகானில் புதுப் பெயரைக் கொடுங்கள், உடனே மாறும். இதற்காக ரெஜிஸ்ட்ரியில் கை வைக்கச் சொல்கிற வீடியோக்களை நம்ப வேண்டாம்.

பாறசாலையிலிருந்து: ரிசோர்ஸ் ஹேக்கர் வைத்து கேமை ஓட்டும் எக்ஸ்இ ஃபைலிலேயே ஐகானை மாற்றலாம் என்கிறார்களே, அதுதானே நிரந்தரம்?

முடியும், ஆனால் வேண்டாம். எக்ஸ்இ ஃபைலில் ஒரு எழுத்தை மாற்றினாலும் கம்பெனி போட்ட டிஜிட்டல் கையெழுத்து செல்லாமல் போய்விடும். ஆன்லைன் கேமாக இருந்தால் ஏமாற்று வேலையைப் பிடிக்கும் ஆன்ட்டி சீட் மென்பொருள் அதைத் திருட்டு வேலை என்று எடுத்துக்கொண்டு கேமைத் திறக்க விடாமல் செய்யலாம், கணக்கையே முடக்கவும் கூடும். அப்புறம் அது நிரந்தரமும் இல்லை, அடுத்த அப்டேட்டில் புது எக்ஸ்இ வந்து உங்கள் ஐகானைத் துடைத்துவிடும். ஷார்ட்கட்டை மாற்றுங்கள், கேமைத் தொடாதீர்கள். நெட்டே தேவைப்படாத பழைய கேம் என்றால் ஒரு காப்பி எடுத்து வைத்துவிட்டுச் செய்து பார்க்கலாம்.

வாளையாரிலிருந்து: ஸ்டீம் கேமை என் ஐகானோடு டாஸ்க்பாரில் பின் செய்ய முடியவில்லை.

முகவரி வகை ஷார்ட்கட் என்பதால்தான். ஸ்டீம் எக்ஸ்இ-க்கு ஒரு சாதாரண ஷார்ட்கட் போட்டு, ப்ராப்பர்ட்டீஸில் டார்கெட் வரியின் கடைசியில், மேற்கோள் குறிக்கு வெளியே, ஒரு இடைவெளி விட்டு ஹைஃபன், அதை ஒட்டி ஆப்லாஞ்ச் என்று ஆங்கிலத்தில் ஒரே சொல்லாக, பிறகு இடைவெளி, பிறகு கேமின் எண். கவுன்டர் ஸ்ட்ரைக் 2-க்கு 730, டோட்டா 2-க்கு 570, மற்றதெல்லாம் ஸ்டோர் பக்க முகவரியிலேயே இருக்கும். ஐகானை மாற்றிவிட்டு அதற்கப்புறம் பின் செய்யுங்கள். கேம் ஓடும்போது பக்கத்தில் அதன் சொந்த ஐகான் தனியாக வரும், அது கேமுக்குள்ளிருந்து வருவது, விட்டுவிடுங்கள்.

ஒரு டீச்சர்: எங்கள் பள்ளி லேப்டாப்பில் கைட் (கேரள அரசின் பள்ளித் தொழில்நுட்ப நிறுவனம்) கொடுத்த லினக்ஸ்தான். சின்னப் பிள்ளைகளுக்கான ஜிகாம்ப்ரிஸ் கேமின் ஐகானைப் பிள்ளைகள் வரைந்த படமாக மாற்ற முடியுமா?

தாராளமாக, டீச்சர். லினக்ஸில் இன்னும் சுலபம், ஐகோ தேவையில்லை, பிஎன்ஜி அப்படியே போதும். யூஎஸ்ஆர், ஷேர், அப்ளிகேஷன்ஸ் என்று போனால் ஒவ்வொரு மென்பொருளுக்கும் டெஸ்க்டாப் என்று முடியும் ஃபைல் இருக்கும். ஜிகாம்ப்ரிஸ் ஃபைலை உங்கள் ஹோம் ஃபோல்டரில் மறைந்திருக்கும் டாட் லோக்கல், அதற்குள் ஷேர், அதற்குள் அப்ளிகேஷன்ஸ் என்ற இடத்துக்கு அதே பெயரில் காப்பி செய்யுங்கள், கன்ட்ரோல் ஹெச் அழுத்தினால் மறைந்தது தெரியும். காப்பியை டெக்ஸ்ட் எடிட்டரில் திறந்து ஐகான் என்று தொடங்கும் வரியில் படத்தின் முழு வழியைக் கொடுங்கள். மூலத்தைத் தொடவில்லை, பாஸ்வேர்டும் கேட்காது, உங்கள் லாகினில் மட்டும் மாறும். பிள்ளைகளிடம் கெட்டியான ஸ்கெட்ச் பேனா கொடுத்து வரையச் சொல்லுங்கள், பென்சில் கோடு சின்ன அளவில் காணாமல் போகும்.

கோவிந்தாபுரத்திலிருந்து: ஐகான் பேக் என்று ஒரு தளத்தில் எக்ஸ்இ ஃபைலாக வந்தது. இன்ஸ்டால் செய்யலாமா?

செய்யாதே தம்பி. ஐகானுக்கு இன்ஸ்டாலர் தேவையே இல்லை, ஜிப்பும் அதற்குள் ஐகோவோ பிஎன்ஜியோ இருந்தால் போதும். எக்ஸ்ப்ளோரரில் வியூ போய் (விண்டோஸ் 11-இல் அதற்குள் ஷோ) ஃபைல் நேம் எக்ஸ்டென்ஷன்ஸை ஆன் செய்து வை, இல்லையென்றால் படம் மாதிரி தெரிவதும் எக்ஸ்இ ஆக இருக்கலாம், அதற்கும் யார் வேண்டுமானாலும் அழகான ஐகான் போட முடியும். ஏற்கெனவே திறந்துவிட்டாய் என்றால் இப்போதே விண்டோஸோடு வரும் டிஃபெண்டரில் ஃபுல் ஸ்கேன் ஓட்டு. அது முடிந்த பிறகு வேறு கம்ப்யூட்டரிலிருந்தோ போனிலிருந்தோ ஸ்டீம் பாஸ்வேர்டை மாற்று.