பன்றிக்கறி உள்ளே சிவப்பாக இருந்தது, மூளைக்குப் புழு ஏறுமா?

வணக்கம் நண்பரே. விருந்தில் சாப்பிட்ட பன்றி வறுவல் உள்ளே சிவந்திருந்ததாகவும், புழு மூளைக்கு ஏறிவிடும் என்று அம்மா அழுவதாகவும் எழுதியிருந்தீர்கள். அம்மாவின் பயம் கட்டுக்கதை இல்லை, ஆனால் புழு போகும் வழி வேறு.

வேகாத கறியில் நாடாப்புழுவின் இளம்பருவக் கட்டி இருந்தால், அது குடலில்தான் புழுவாக வளரும். மூளையில் கட்டி வைத்து வலிப்பைக் கொண்டுவருவது அந்தப் புழுவின் முட்டை. குடலில் புழு உள்ள மனிதரின் மலத்திலிருந்து, கழுவாத கை, அசுத்தத் தண்ணீர், பச்சைக் காய்கறி வழியாக முட்டை வாய்க்குள் போகிறது. சுத்த சைவருக்கும் இந்த நோய் வருவது இதனால்தான். குடலில் புழு உள்ளவர் தன் கையாலேயே தனக்கும் வரவழைத்துக்கொள்ளலாம்; ஆகவே கழிப்பறை போய்வந்ததும் சோப்புப் போட்டுக் கழுவுவதை விட்டுவிடாதீர்கள்.

நிறத்தை மட்டும் வைத்து வேகவில்லை என்று சொல்லிவிட முடியாது. முழுத்துண்டு 63 டிகிரி செல்சியஸ் சூடேறி மூன்று நிமிடம் இருந்தால் போதும். கொத்துக்கறிக்கு 71, கோழிக்கு 74. நம் குக்கர் குழம்பு இதையெல்லாம் எளிதாகத் தாண்டிவிடும்.

இரண்டு மூன்று மாதம் கழித்து மலப் பரிசோதனை செய்துகொள்ளுங்கள், புழு வளர அவ்வளவு நாளாகும். தயவுசெய்து நீங்களாகக் கடையில் பூச்சி மாத்திரை வாங்கிப் போடாதீர்கள். மூளையில் ஏற்கெனவே கட்டி இருந்தால் சில மாத்திரைகள் வலிப்பைத் தூண்டிவிடும்.