சொட்டு மருந்து தந்தவர்

கேள்வி: போலியோ தடுப்பு மருந்தைத் தந்த சால்க், சேபின் இருவரும் யூதர்கள் என்று படித்தேன். அந்தக் கால அமெரிக்காவில் யூதப் பிள்ளைகளைக் கல்லூரியில் சேர்க்கவே தயங்கினார்களாமே, உண்மையா டாக்டர்?
- வாசகி, தேனி

பதில்: உண்மைதான் அம்மா. ஆரம்ப சுகாதார நிலையத்தில் இருந்த காலத்தில் ஆயிரக்கணக்கான குழந்தைகளின் வாயில் நான் விட்டது சேபினின் சொட்டு மருந்து. அதனால் அவரைப் பற்றியே கூடுதலாகச் சொல்கிறேன்.

1906 ஆகஸ்டில், அன்று ரஷ்யப் பேரரசில் இருந்த பியாலிஸ்டாக்கில் பிறந்தார். அதற்கு இரண்டு மாதம் முன்புதான் அந்த ஊரில் யூதர்களைத் தாக்கி 80 பேருக்கு மேல் கொன்றிருந்தார்கள். 1921இல் குடும்பம் அமெரிக்கா வந்து, பட்டுத் தறிகள் நிறைந்த பேட்டர்சன் நகரில் குடியேறியது. 1924இல் வந்த சட்டம் கிழக்கு ஐரோப்பியர்களுக்குக் கதவை ஏறக்குறைய மூடிவிட்டது. மூன்று வருடம் தாமதித்திருந்தால் என்னவாகியிருக்கும் என்று நினைக்கவே எனக்குப் பதறுகிறது.

பையனுக்கு ஆங்கிலம் தெரியாது, உறவுக்காரப் பிள்ளைகள்தான் சொல்லிக்கொடுத்தார்கள். பல் டாக்டரான உறவினர் ஒருவர், பல் மருத்துவம் படிப்பதானால் செலவைத் தான் பார்த்துக்கொள்வதாகச் சொன்னார். சரி என்று சேர்ந்தவருக்குக் கிருமிகள் மேல் மனம் போய்விட்டது. மருத்துவத்துக்கு மாறினார், பணம் நின்றது. கிடைத்த வேலைகளைச் செய்து படித்து, 1931இல் நியூயார்க் பல்கலைக்கழகத்தில் டாக்டரானார்.

ஏன் அந்தப் பல்கலைக்கழகம்? அப்போது பெரிய கல்லூரிகள் பலவும் யூதர்களை எண்ணி எண்ணித்தான் சேர்த்தன. ஹார்வர்டில் ஐந்தில் ஒருவர் யூதராகிவிட்டார் என்று 1922இல் அதன் தலைவர் லோவெல் வெளிப்படையாகவே வரம்பு கேட்டார். பேராசிரியர்கள் அதை ஏற்கவில்லை. ஆனால் விண்ணப்பத்தில் ஒரு கேள்வி நுழைந்தது: பிறந்த பிறகு உங்கள் பெயரோ அப்பாவின் பெயரோ மாறியிருக்கிறதா? எதற்கு அந்தக் கேள்வி என்று உங்களுக்கே புரியும். சேபினின் குடும்பப் பெயரும் முதலில், யூதர் என்று காட்டிக்கொடுக்கும் சேபர்ஸ்டீன்தான்.

சால்க்கும் கட்டணமில்லாத நியூயார்க் சிட்டி கல்லூரியில் படித்துவிட்டு, அப்புறம் அதே நியூயார்க் பல்கலைக்கழகத்தில்தான் டாக்டரானார்.

தன் மருந்துக்கு சேபின் காப்புரிமை வாங்கவில்லை. ஐஸ் பெட்டியைத் தோளில் மாட்டிக்கொண்டு எங்கள் செவிலியர்கள் மலைக் கிராமத்துக்கு ஏறியபோது அதற்குள் இருந்தது அந்த மருந்துதான். சொட்டு விட்டதும் பிள்ளையின் சுண்டுவிரலில் மை வைப்போம். உங்கள் விரலிலும் யாராவது வைத்திருப்பார்கள்.