ஆல்-ஸ்டார் கேள்வி பதில்: பாதி ஆட்டம் தூங்கலாம்

போன இதழில் ஒரு பதிலின் கடைசியில், அமெரிக்காவின் கூடைப்பந்து லீகான என்.பி.ஏ.யின் ஆல்-ஸ்டார் ஆட்டத்தில் பாதி நேரம் தூங்கிவிட்டு எழுந்தாலும் ஒன்றும் குடிமுழுகிப் போகாது என்று எழுதியிருந்தேன். திட்டி வந்த கடிதங்கள் பாதி, "சரி, எந்தப் பாதி?" என்று கேட்டு வந்தவை பாதி. அதனால் இந்த வாரம் முழுக்க அதற்கே.

கேள்வி: எனக்குக் கூடைப்பந்தே இப்போதுதான் பழக்கம். ஆல்-ஸ்டார் என்பது போட்டியா, திருவிழாவா?

பதில்: திருவிழாதான், நடுவில் ஒரு போட்டியும் உண்டு. ஒவ்வோர் அணிக்கும் சீசனில் 82 ஆட்டம். பிப்ரவரி நடுவில் சில நாள் அதை எல்லாம் நிறுத்திவைத்துவிட்டு, லீகின் பெரிய கைகளை ஒரே ஊருக்கு வரவழைப்பார்கள். வெள்ளிக்கிழமை பிரபலங்களின் ஆட்டமும் இளசுகளின் ஆட்டமும், சனிக்கிழமை த்ரீ பாயிண்ட் போட்டியும் (தூரத்துக் கோட்டுக்கு வெளியே இருந்து எறிவது, ஆட்டத்தில் விழுந்தால் மூன்று புள்ளி) டங்க் போட்டியும் (எம்பிக் குதித்துப் பந்தை வளையத்துக்குள் அறைவது), ஞாயிறு பெரிய ஆட்டம். அதில் யார் ஜெயித்தாலும் புள்ளிப் பட்டியலில் ஒரு கோடுகூட மாறாது.

தொடங்கியதே பெயரைக் காப்பாற்றிக்கொள்ளத்தான். 1951-ல் அமெரிக்கக் கல்லூரிக் கூடைப்பந்தில் ஆட்டக்காரர்கள் சூதாட்டக்காரர்களிடம் காசு வாங்கிக்கொண்டு ஸ்கோரைக் கூட்டிக் குறைத்த விவகாரம் வெடித்திருந்தது. கூடைப்பந்து என்றாலே ஜனங்கள் முகம் சுளித்த நேரம். லீகின் விளம்பரப் பொறுப்பில் இருந்த ஹாஸ்கெல் கோஹென் இந்த யோசனையைச் சொன்னார், பாஸ்டன் செல்டிக்ஸ் முதலாளி வால்டர் பிரவுன் இடம் கொடுத்து, நஷ்டம் வந்தால் தன்னோடு போகட்டும் என்று பொறுப்பையும் ஏற்றுக்கொண்டார். அந்த மார்ச் 2-ம் தேதி பாஸ்டன் கார்டனில் 10,094 பேர் வந்தார்கள். லீகின் கிழக்குப் பகுதி அணிகளின் ஆட்கள் ஒரு பக்கம், மேற்குப் பகுதி ஆட்கள் எதிர்ப்பக்கம்: கிழக்கு 111, மேற்கு 94. நஷ்டம் வரவில்லை.

கேள்வி: யாரை ஆட வைப்பது என்று யார் முடிவு செய்கிறார்கள்? ரசிகர் ஓட்டு என்கிறார்களே, அது வெறும் கண்துடைப்பா?

பதில்: ஒரு காலத்தில் முதல் ஐந்து பேரை முழுக்க ரசிகர்களே தேர்ந்தெடுத்தார்கள். வில்லங்கமும் அங்கேதான். 2016-ல் ஜாஜா பச்சூலியா என்ற ஆட்டக்காரர், நல்ல உழைப்பாளி, ஆனால் நட்சத்திரம் என்று அவர் வீட்டில்கூடச் சொல்லியிருக்க மாட்டார்கள், இணையத்தில் ரசிகர்கள் கிளப்பிவிட்ட அலையில் முதல் ஐவருக்குள் நுழைய இருந்தார், மயிரிழையில் தவறியது. அடுத்த வருடமே விதியை மாற்றினார்கள். 2017 முதல் ரசிகர் ஓட்டுக்குப் பாதி எடை, சக ஆட்டக்காரர்களுக்குக் கால், பத்திரிகையாளர்களுக்குக் கால். மாற்று ஆட்டக்காரர்களைக் கோச்சுகள் தேர்ந்தெடுப்பார்கள், ஆனால் தன் அணிப் பையனுக்குத் தானே ஓட்டுப் போட முடியாது.

பெரிய மனுஷர்களின் கையில் கொடுத்தால் பொறுப்பு வந்துவிடும் என்று நினைத்தார்கள். அந்த முதல் வருடமே ஆட்டக்காரர்களில் பலர் தங்களுக்கும் தங்கள் தோஸ்துகளுக்கும் ஓட்டுப் போட்டுக்கொண்டார்கள்.

கேள்வி: ரசிகர் ஓட்டால் எப்போதாவது நல்லது நடந்திருக்கிறதா?

பதில்: 1992. அது ஒன்றே போதும்.

1991 நவம்பர் 7 அன்று லாஸ் ஏஞ்சலஸ் லேக்கர்ஸ் அணியின் பெரிய நட்சத்திரம் மேஜிக் ஜான்சன் தனக்கு எச்.ஐ.வி. இருப்பதாகச் சொல்லி ஓய்வு பெற்றார். அந்த வியாதியைத் தொட்டால் ஒட்டிக்கொள்ளும் என்று படித்தவர்களே பயந்த காலம். ஓட்டுச் சீட்டில் மட்டும் அவர் பெயர் இருந்தது, அந்த சீசனில் ஒரு ஆட்டம்கூட ஆடாத மனிதருக்கு ரசிகர்கள் ஓட்டைக் குத்தித் தள்ளினார்கள். அவர் ஆடக் கூடாது என்று முணுமுணுத்தவர்களும் இருந்தார்கள், வியர்வை படுமே, காயம்பட்டால் ரத்தம் வருமே என்று. டிம் ஹார்டவே முதல் ஐவரில் தன் இடத்தை விட்டுக்கொடுத்தார். பிப்ரவரி 9, ஆர்லாண்டோ. மேஜிக் 25 புள்ளி. கடைசி நிமிடங்களில் ஐசையா தாமஸ் வந்து ஒற்றைக்கு ஒற்றையாக அவரைச் சவாலுக்கு இழுத்தார், அடுத்து மைக்கேல் ஜோர்டன். இரண்டு பேரையும் தடுத்தாகிவிட்டது. பிறகு ஐசையாவின் தலைக்கு மேல் ஒரு த்ரீ போட்டார் பாருங்கள், அத்தோடு சரி, கடிகாரத்தில் 14.5 விநாடி பாக்கி இருந்தும் அதற்கப்புறம் யாரும் ஆடவில்லை. எல்லோரும் ஓடிவந்து அவரைக் கட்டிக்கொண்டார்கள். தொடலாமா கூடாதா என்று ஊரே பேசிக்கொண்டிருந்த ஆளை.

ஸ்கோர் மேற்கு 153, கிழக்கு 113. நாற்பது புள்ளி வித்தியாசம், ஆட்டமாகப் பார்த்தால் படு மட்டம். ஆனால் கடைசி சில நிமிடத்துக்காகவாவது தேடிப் பாருங்கள்.

கேள்வி: டிஃபென்ஸே ஆடுவதில்லை என்று எல்லோரும் கரித்துக்கொட்டுகிறார்கள். கோடி கோடியாய்ச் சம்பளம் வாங்குகிறவர்கள் ஒரு நாள் ஓடினால் குறைந்தா போவார்கள்?

பதில்: கோபம் நியாயம், கணக்குத்தான் வேறு. டிஃபென்ஸ் என்பது உடம்பைக் கொடுத்து ஆடுவது. எதிராளி பாய்ந்து வரும் வழியில் நிற்க வேண்டும், தாண்டிக் குதித்து இறங்கும்போது யார் காலிலாவது மிதித்துக் கணுக்கால் திரும்பும். இரண்டு மாதத்தில் பட்டத்துக்கான பிளே-ஆஃப்ஸ் சுற்றுகள். 2018-ல் பரிசை ஏற்றி, ஜெயிக்கும் அணியில் ஆளுக்கு 1,00,000 டாலர், தோற்றால் 25,000 என்று ஆசை காட்டினார்கள். வருடத்துக்கு 5 கோடி டாலருக்கு மேல் வாங்கும் ஸ்டீஃபன் கரிக்கு அந்த 75,000 எந்த மூலைக்கு?

அதனால் பந்து வருகிறது, ஆள் விலகுகிறார், டங்க். மறுமுனையிலும் அதே. 2024-ல் இண்டியானாபோலிஸில் கிழக்கு 211, மேற்கு 186. ஆல்-ஸ்டாரில் ஓர் அணி 200-ஐத் தாண்டியது அதுதான் முதல் தடவை. நான் முழுசாகப் பார்த்தேன், இன்றைக்கு அதில் ஒரு கூடைகூட ஞாபகம் இல்லை.

கேள்வி: தனி ஆளாக அதிகப் புள்ளி?

பதில்: ஜேசன் டேட்டம், 55, 2023-ல். அதற்கு முன் ஆண்டனி டேவிஸ், 52, 2017-ல். அதற்கு முன் வில்ட் சேம்பர்லின் 1962-ல் போட்ட 42 ஐம்பத்தைந்து வருடம் நின்றது. மூன்றில் எது பெரிது என்று என்னைக் கேட்டால் சேம்பர்லின்தான், அவரைத் தடுக்க ஆள் இருந்தது.

கேள்வி: அப்படியானால் எதற்கு ஐயா பார்க்க வேண்டும்? நேரமா கொட்டிக் கிடக்கிறது?

பதில்: இவர்கள் நிஜமாகவே ஆட ஆரம்பித்துவிட்டால் அதைப் போல ஒரு கூடைப்பந்து வேறெங்கும் கிடையாது, அதற்காக. பிளே-ஆஃப்ஸில்கூட ஓர் அணியில் இரண்டு நட்சத்திரம், மீதி துணைக்கு. இங்கே பத்துப் பேரும் நட்சத்திரம். அந்தப் பத்துப் பேருக்கும் ஒரே நேரத்தில் ரோஷம் வர வேண்டும், அவ்வளவுதான், அது சில வருடங்களில்தான் வருகிறது.

2001, வாஷிங்டன். மேற்கில் டங்கன், கார்னெட், ராபின்சன் என்று பனைமரம் பனைமரமாக ஆட்கள், கிழக்கு உயரத்தில் மட்டம். ஒன்பது நிமிடம் இருக்கும்போது மேற்கு 95, கிழக்கு 74. டி.வி.யை அணைத்திருப்பீர்கள், நியாயம்தான். அங்கிருந்து ஆலன் ஐவர்சன், நெடுமரங்களுக்கு நடுவே குட்டி உருவம், தன் 25 புள்ளியில் 15-ஐ அந்த ஒன்பது நிமிடத்தில் எடுத்தார், டிகெம்பே முடோம்போ ஒரு பக்கம் விழுகிற பந்தை எல்லாம் அள்ளிக்கொண்டிருந்தார், கடைசி நிமிடத்தில் ஸ்டெஃபான் மார்பரி இரண்டு த்ரீ. கிழக்கு 111, மேற்கு 110.

அப்புறம் 2020, சிகாகோ. முன்னாள் நட்சத்திரம் கோபி பிரையன்ட் ஹெலிகாப்டர் விபத்தில் இறந்து சரியாக மூன்று வாரம், அப்படி ஒரு கனம் அரங்கில். நான்காவது குவார்ட்டருக்குக் கடிகாரத்தையே எடுத்துவிட்டார்கள். அதுவரை முன்னிலையில் இருக்கும் அணியின் மொத்தத்தோடு 24 சேர்த்து, யார் அந்த இலக்கை முதலில் தொடுகிறார்களோ அவர்களுக்கு வெற்றி. 24 கோபியின் சட்டை எண். அப்போது அணிகளுக்குக் கேப்டன்கள் பெயர்தான்: கியானிஸ் அணி 133, லெப்ரான் அணி 124, எனவே இலக்கு 157. அதுவரை சோம்பல் முறித்துக்கொண்டிருந்தவர்கள் திடீரென்று மாறிப்போனார்கள். கைல் லவ்ரி பாய்ந்து வருகிறவரின் எதிரே போய் நின்று மார்பில் இடி வாங்கித் தரையில் விழுந்து ஃபவுல் சம்பாதிக்கிறார், ஆல்-ஸ்டார் ஆட்டத்தில்! கோச்சுகள் நடுவரோடு சண்டை போடுகிறார்கள். கியானிஸ் அணிக்கு அந்தக் குவார்ட்டர் முழுக்க 22 புள்ளிதான் கிடைத்தது. 157-க்கு 155 என்று லெப்ரான் அணிக்கு வெற்றி, அதுவும் ஆண்டனி டேவிஸ், ஃபவுலுக்குப் பதிலாகத் தடுப்பில்லாமல் எறியக் கிடைக்கும் ஃப்ரீ த்ரோவில் முதலாவதைக் கோட்டைவிட்டு இரண்டாவதைப் போட்டதால்.

ஆக, தூங்க வேண்டிய பாதி முதல் பாதி.

கேள்வி: 1988 டங்க் போட்டியில் ஜோர்டன் ஜெயித்தது நியாயமா? எங்கள் நண்பர் கூட்டத்தில் இதற்கு அடிதடி.

பதில்: நடந்தது சிகாகோவில், ஜோர்டனின் சொந்த ஊர் அரங்கில், இதை முதலில் மனதில் வையுங்கள். கடைசிச் சுற்றில் டொமினிக் வில்கின்ஸ் இரண்டு கையாலும் ஒரு வீசு வீசி அடித்ததற்கு நடுவர்கள் கொடுத்தது 50-க்கு 45. ஜோர்டன் மறுமுனையிலிருந்து ஓடிவந்து 15 அடி தூரத்து ஃப்ரீ த்ரோ கோட்டில் கால் வைத்து எழும்பினார், அதற்கு 50. மொத்தம் 147, 145. படம் ஜோர்டனுடையதுதான், வீட்டுச் சுவர்களில் முப்பது வருடமாய்த் தொங்குகிறது. ஆனால் அந்த 45 அநியாயம். அடிதடி தொடரட்டும்.

எனக்குப் பிடித்தது 1986, டாலஸ். ஸ்பட் வெப், 5 அடி 7 அங்குலம். வளையமோ எல்லோருக்கும் 10 அடியில்தான். தன் சொந்த அணித் தோழர், முந்தைய வருடச் சாம்பியன் இதே வில்கின்ஸைத்தான் தோற்கடித்தார். பாவம் வில்கின்ஸ்.

இப்போது பெரிய நட்சத்திரங்கள் டங்க் போட்டிப் பக்கமே வருவதில்லை, தோற்றால் மானம் போகும் என்று. 2023, 2024, 2025 மூன்று வருடமும் ஜெயித்த மேக் மெக்லங், சீசனின் பெரும்பகுதியை இரண்டாம் நிலை லீகில் ஆடியவர்.

கேள்வி: த்ரீ பாயிண்ட் போட்டியில் புள்ளிக் கணக்குப் புரியவே இல்லை.

பதில்: 70 விநாடி, 27 பந்து. ஐந்து இடத்தில் ஐந்தைந்து பந்து அடுக்கிய ரேக். சாதாரணப் பந்துக்கு ஒரு புள்ளி, ஒவ்வொரு ரேக்கிலும் ஒரு கலர் பந்துக்கு இரண்டு, ஒரு ரேக் மட்டும் முழுக்கக் கலர், அதை எங்கே வைப்பது என்பது அவரவர் விருப்பம். இன்னும் தள்ளி இரண்டு பந்து, தலா மூன்று. எல்லாம் விழுந்தால் 40.

எறிகிறவரின் முகத்தைப் பார்க்காதீர்கள், காலைப் பாருங்கள். நாலாவது ரேக்கில் முழங்கால் மடங்குவது குறைந்தால் பந்து வளையத்தின் முன் விளிம்பில் இடிக்க ஆரம்பிக்கும். 1988-ல் லாரி பேர்ட் மேல்சட்டையைக்கூடக் கழற்றாமல் ஆடினார். கடைசிக் கலர் பந்து இன்னும் காற்றில் இருக்கிறது, ஆள்காட்டி விரலைத் தூக்கிக்கொண்டு மனுஷன் நடக்க ஆரம்பித்துவிட்டார். பந்து அப்புறம்தான் விழுந்தது. தொடர்ந்து மூன்றாவது பட்டம் அது.

கேள்வி: வருடா வருடம் ஆட்ட முறையை மாற்றுகிறார்களே, இப்போது என்ன நிலவரம்?

பதில்: 2017 வரை கிழக்கு-மேற்கு. 2018 முதல் இரண்டு கேப்டன்கள் தெருவில் ஆள் பிரிப்பது போலப் பிரித்துக்கொண்டார்கள், அது எனக்குப் பிடித்திருந்தது, கடைசியாக யாரைக் கூப்பிடுகிறார்கள் என்று பார்ப்பதில் ஒரு குரூர சந்தோஷம். 2024-ல் பழையபடி கிழக்கு-மேற்கு, விளைவு அந்த 211. 2025-ல் சான் பிரான்சிஸ்கோவில் நாலு அணி, 40 புள்ளியை முதலில் தொடுகிறவர் ஜெயிக்கும் குட்டி ஆட்டங்கள். ஆட்டத்தைவிட நடுநடுவே நிறுத்தியதுதான் அதிகம். 2026-ல் லாஸ் ஏஞ்சலஸ் பக்கம் இங்கிள்வுட்டில் இரண்டு அமெரிக்க அணி, ஓர் உலக அணி, 12 நிமிட ஆட்டங்கள்.

இந்தக் கடைசி யோசனை எனக்குச் சம்மதம். 12 நிமிடம் என்றால் சோம்பலுக்கு நேரமில்லை, நாட்டுப் பெயரைச் சொன்னால் கொஞ்சம் சுருக்கென்று ஏறவும் செய்யும்.

கேள்வி: அமெரிக்காவில் மகனோடு இருக்கப் போகிறேன். நேரில் பார்க்க ஆசை. எந்த நாளுக்கு டிக்கெட் எடுக்கலாம்?

பதில்: ஞாயிறுக்கு ஆசைப்படாதீர்கள், கீழ் வரிசைகள் பெரும்பாலும் விளம்பரதாரர்களுக்கும் விருந்தாளிகளுக்கும் போய்விடும். வெள்ளிக்கிழமை இளசுகள் ஆட்டத்துக்குப் போங்கள், அவர்கள் இன்னும் பெயர் வாங்க வேண்டியவர்கள், அதனால் ஓடுவார்கள். இடம் எது என்றும் பாருங்கள். 2010-ல் டெக்சஸில் அமெரிக்கக் கால்பந்து மைதானத்திலேயே நடத்தினார்கள், 1,08,713 பேர். ஆடுகளம் நடுவில் தபால்தலை மாதிரி தெரிய, மேலே தொங்கிய ராட்சதத் திரையைத்தான் முக்கால்வாசிப் பேர் பார்த்தார்கள். அதற்கு வீட்டு டி.வி. போதும்.

கேள்வி: இந்த ஆட்டத்தை ஆட்டக்காரர்கள் எப்போதாவது முழு சீரியஸாக எடுத்துக்கொண்டது உண்டா?

பதில்: உண்டு, 1964 ஜனவரி 14, பாஸ்டன். அன்று அவர்கள் சீரியஸானது உடை மாற்றும் அறையில். ஓய்வூதியத் திட்டம் வேண்டும் என்று வருடக்கணக்கில் கேட்டும் முதலாளிகள் இழுத்தடித்தார்கள். அன்று ஆட்டம் நாடு முழுக்க டி.வி.யில் வரவிருந்தது. ஆஸ்கர் ராபர்ட்சன், பில் ரஸ்ஸல், ஜெர்ரி வெஸ்ட், டாம் ஹைன்சன் என்று இரண்டு அணியும் சேர்ந்து, எழுதிக் கொடுக்கிறவரை வெளியே வர மாட்டோம் என்று உட்கார்ந்துவிட்டார்கள். ஓர் அணியின் முதலாளி, தன் ஆட்கள் உடனே களத்தில் இறங்காவிட்டால் அவ்வளவுதான் என்று ஆள் மூலம் மிரட்டல் அனுப்பினார், அதற்கப்புறம் அவர்கள் இன்னும் கெட்டியாக உட்கார்ந்தார்கள். கமிஷனர் வால்டர் கென்னடி அறைக்கே வந்து வாக்குக் கொடுத்த பிறகு எழுந்து போய் ஆடினார்கள். கிழக்கு 111, மேற்கு 107. ஆட்டத்தின் சிறந்த வீரர் (எம்.வி.பி.) ராபர்ட்சன். ஓய்வூதியமும் வந்தது.