மகன் நடிகனாகப் போறன் எண்டு நிக்கிறானா? தயாரிப்பையும் படிக்க விடுங்கோ அக்கா

அக்கா, நீங்கள் எழுதினதை வாசிச்சன். பாக், அதான் பிரான்சில பள்ளிக்கூடம் முடிக்கிற சோதினை, எழுதப்போற பொடியன் திடீரெண்டு நடிகனாகப் போறன் எண்டு நிண்டா தாய்க்கு நித்திரை வராதுதான். ஆனா "இதெல்லாம் சோறு போடாது" எண்டு ஒரே சொல்லில முடிச்சிடாதேங்கோ, பிறகு அவன் உங்களோட கதைக்கவே மாட்டான்.

ழாக் பெரான் எண்டு ஒரு பிரெஞ்சு நடிகர், 2022இல காலமானவர். சினிமா பரடிசோ பாத்திருந்தா தெரியும், கடைசியில தனிய இருந்து வெட்டி எறிஞ்ச முத்தக் காட்சிகளைப் பாத்துக் கண் கலங்குறவர். 25 வயதிலயே வெனிஸ் விழாவில சிறந்த நடிகர் விருது எடுத்த ஆள், அந்தப் பேரை வச்சே காலத்தை ஓட்டியிருக்கலாம், ஆனா 1968இல, 27 வயதில, சொந்தமா ஒரு தயாரிப்புக் கொம்பனி தொடங்கினார். இயக்குநர் கோஸ்தா காவ்ராஸின்ர "ஸெட்" அரசியல் படம், காசு போட ஆளில்லை, இவர்தான் அல்ஜீரியாவைக் கூட்டுத் தயாரிப்புக்குள்ள கொண்டுவந்து அங்கயே ஷூட்டிங்கையும் நடத்தி, அதில பத்திரிகைப் படப்பிடிப்பாளரா நடிச்சும் விட்டார். அந்தப் படத்துக்கு ஒஸ்கார் கிடைச்சது.

எல்லாம் வெற்றி எண்டு நினைக்காதேங்கோ. 1976இல வந்த "தார்த்தார் பாலைவனம்" இவரைக் கடனில தள்ளிச்சு, வருசக்கணக்கா கட்டினவர். பிறகு பறவைகளைப் பற்றி ஒரு படம், முட்டையிலயிருந்து வரேக்கயே குஞ்சுகளை மனுசரோட பழக்கி, சின்ன விமானத்துக்குப் பக்கத்தில பறக்க வச்சு எடுத்தது. இப்பிடி ஒரு பைத்தியக்காரத் திட்டத்துக்கு ஆர் காசு தருவினம் சொல்லுங்கோ? காசு கேக்கத் தெரிஞ்சவனுக்குத் தருவினம். 2004இல "லே கொரிஸ்த்" எண்ட படம், இவர் தயாரிச்சு நடிச்சது, இவரின்ர சகோதரியின்ர மகன்தான் இயக்கினது, பிரான்சில மட்டும் 80 லட்சத்துக்கு மேல டிக்கெட் போனது.

இப்ப உங்கட பொடியன்ர விசயம். பாரிஸ் தேசியக் கொன்செர்வத்துவார் எண்ட நடிப்புப் பள்ளிக்கு ஆயிரத்துக்கு மேல ஆக்கள் வருவினம், எடுக்கிறது 30 பேரளவில, அதால அதை மட்டும் நம்பி இருக்கக் கூடாது. பாரிசில நகரசபைக் கொன்செர்வத்துவார்களில நாடக வகுப்பு இருக்கு, காசும் குடும்ப வருமானத்தைப் பாத்துத்தான். அதோட பாக்குக்குப் பிறகு ஓடியோவிசுவல் பெதேஎஸ் எண்ட தொழிற்படிப்பு 2 வருசம், அதில தயாரிப்பு நிர்வாகம் எண்டு ஒரு பிரிவு இருக்கு, பார்க்கூர்சூப் எண்ட விண்ணப்ப இணையத்தளத்தில மார்ச்சுக்குள்ள போடச் சொல்லுங்கோ. நடிக்க வேலை இல்லாத மாதத்தில செட்டில பட்ஜெட் பாக்கலாம், சம்பளமும் வரும். நடிகர்மாருக்கும் செட்டில வேலை செய்யிற ஆக்களுக்கும் வேலை இல்லாத காலத்தில குடுக்கிற அந்தெர்மித்தான் காசுக்கு 12 மாதத்தில 507 மணித்தியாலம் வேணும் எண்டதையும் இப்பவே சொல்லி வையுங்கோ, நடிப்பு மட்டும் எண்டா தொடக்கத்தில அதைச் சேக்கிறது சரியான கஷ்டம், இதை நான் நிறையப் பிள்ளைகளிட்டப் பாத்திட்டன்.

கணக்குப் பாடத்தில அவன் எப்பிடி? நீங்கள் அதை எழுதேல்லை. லிசே (உயர்தரப் பள்ளி) ரிப்போட்டுகளை எடுத்துக்கொண்டு அவனையும் கூட்டிக்கொண்டு வாங்கோ, அண்ணையை அண்டைக்கு வீட்டில விட்டிட்டு வந்தா இன்னும் நல்லம்.