பேக்கெட் டிரேசரில் ஒரு பக்கம் காப்பர், மறுபக்கம் ஃபைபர்: எப்படி இணைப்பது?

சிஸ்கோவின் நெட்வொர்க் பயிற்சி மென்பொருளான பேக்கெட் டிரேசரில் இரண்டு கட்டடங்களை ஃபைபரால் இணைக்கப் பார்த்தால், 2960 சுவிட்சில் ஃபைபர் கேபிள் ஏறவே மாட்டேன் என்கிறது என்று கேட்டிருக்கிறீர்கள். ஏறாது. பேக்கெட் டிரேசரில் இருக்கும் 2960-24டிடி-யில் 24 ஃபாஸ்ட் ஈதர்நெட் போர்ட், 2 கிகாபிட் போர்ட், எல்லாமே காப்பர்தான். கேபிளை எத்தனை முறை மாற்றினாலும் பயனில்லை. காப்பரில் வரும் மின் சிக்னலை ஒளியாக மாற்ற இரண்டு வகைப் போர்ட்டும் உள்ள ஒரு கருவி நடுவில் வேண்டும்.

சுவிட்ச் பட்டியலில் 'சுவிட்ச்-பிடி' என்று ஒன்று இருக்கும். அதில் நான்கு காப்பர், இரண்டு ஃபைபர் போர்ட்டுகள் ஏற்கெனவே உண்டு. கட்டடத்துக்கு ஒன்றாக இரண்டு வையுங்கள். பிசியிலிருந்து சுவிட்சின் 0/1 என்ற காப்பர் போர்ட்டுக்குக் காப்பர் ஸ்ட்ரெய்ட்-த்ரூ கேபிள். இரண்டு சுவிட்சுகளுக்கும் இடையில் 4/1 என்ற ஃபைபர் போர்ட்டிலிருந்து 4/1-க்கு ஆரஞ்சு நிற ஃபைபர். மின்னல் படம் போட்ட ஆட்டோ கேபிளை எடுக்காதீர்கள். அது தானே ஒரு போர்ட்டைப் பிடித்துக்கொள்ளும்; நமக்கு எந்தப் போர்ட் என்பதுதான் முக்கியம்.

நான் முதன்முதலில் லேபில் இதைச் செய்தபோது, சுவிட்ச் முனையில் ஆரஞ்சுப் புள்ளியைப் பார்த்ததும் தப்பு என்று நினைத்துக் கேபிளைப் பிடுங்கினேன். மறுபடி செருகினேன், மறுபடி ஆரஞ்சு. அது பிழையே இல்லை. நெட்வொர்க்கில் சுழல் பாதை உருவாகாமல் தடுக்கும் ஸ்பேனிங் ட்ரீ 15 விநாடி கவனித்து, 15 விநாடி கற்றுக்கொண்டு, அப்புறம்தான் பச்சைக்கு வரும். பிடுங்கப் பிடுங்க அந்த அரை நிமிடம் முதலிலிருந்து தொடங்கும்!

ஃபைபர் போர்ட் இன்னும் வேண்டுமென்றால் ஃபிசிக்கல் டேபில் பவர் சுவிட்சை அணைத்துவிட்டு மாட்யூலை மாற்றுங்கள். பெயர் 1சிஎஃப்இ என்று முடிந்தால் காப்பர், 1எஃப்எஃப்இ என்றால் ஃபைபர், 1எஃப்ஜிஇ என்றால் கிகாபிட் ஃபைபர். ஃபைபரின் இரு முனையிலும் ஒரே வேகம் இருக்கட்டும். நிஜத்தில் 100 மெகாபிட் ஃபைபரான 100பேஸ்-எஃப்எக்ஸ் 1300 நானோமீட்டர் ஒளியிலும், கிகாபிட் ஃபைபரான 1000பேஸ்-எஸ்எக்ஸ் 850 நானோமீட்டரிலும் ஓடுகின்றன. ஒன்று பேசுவது மற்றதற்குப் புரியாது.

சுவிட்ச் வேண்டாம், காப்பரை ஃபைபராக மாற்றும் சின்ன மீடியா கன்வெர்ட்டர் போதும் என்றால் 'ரிப்பீட்டர்-பிடி'யில் ஒரு 1சிஎஃப்இ, ஒரு 1எஃப்எஃப்இ போடுங்கள். காப்பரின் 100 மீட்டர் எல்லையைத் தாண்ட நிஜ நெட்வொர்க்கிலும் இதைத்தான் செய்கிறார்கள்.

கடைசியாக இணைப்பைச் சோதிக்கப் பிங் அடிக்கும்போது முதல் பாக்கெட் மட்டும் தவறினால் கேபிளைத் தொடாதீர்கள். அது ஏஆர்பி (ஐபி முகவரிக்கு உரிய மேக் முகவரியைக் கண்டறியும் நெறிமுறை) முகவரி தேடும் நேரம்.