சிம்ப்சன்ஸ் தொடரின் ஸ்கின்னருக்கு எதற்கு ஒரு வியட்நாம் போர்க் கதை?

'தி சிம்ப்சன்ஸ்' தொடரில் வரும் பள்ளி முதல்வர் சீமோர் ஸ்கின்னர் அடிக்கடி வியட்நாம் போர் நினைவில் மூழ்கிவிடுகிறாரே, ஒரு கார்ட்டூனில் இது எதற்கு என்று பலர் கேட்கிறார்கள். இதற்குப் பெயர் பகடி: எல்லோருக்கும் பழகிப்போன ஒரு பாணியை அப்படியே எடுத்து, ஓரிடத்தில் மட்டும் வேண்டுமென்றே கோணலாக்குவது. பள்ளி ஆண்டுவிழாவில் ஒரு பையன் தலைமையாசிரியர் மாதிரி பேசிக் காட்டுவானே, அவரைத் தெரிந்தவர்களுக்குத்தான் அதில் சிரிப்பு வரும்.

தொடர் 1989-இல் தொடங்கியபோது, போரிலிருந்து திரும்பிவந்து பழைய நினைவுகளில் தவிக்கும் சிப்பாய் அமெரிக்கர்களுக்குத் திரையில் நன்றாகப் பழகிப்போயிருந்தான். அதனால்தான் நகைச்சுவை எடுபடுகிறது. ஸ்கின்னர் ஒரு காட்சியில் போர்க்கைதியாக இருந்ததைச் சொல்கிறார். நீர்த்துப்போன குழம்புதான் சாப்பாடு என்று ஆரம்பித்து, அதில் மீன், காய்கறி, இறால், தேங்காய்ப்பால், நாலு வகை அரிசி என்று அடுக்கிக்கொண்டே போய், கடைசியில் அமெரிக்காவில் யாருக்கும் அந்த மசாலாப் பக்குவம் வரவில்லை என்று ஏங்குகிறார். முடிக்கும்வரை அந்தக் குரலில் சோகம் குறையாததுதான் இதில் அழகு.

அப்புறம் 1997-இல் வந்த ஒரு பகுதியில், இவர் உண்மையான ஸ்கின்னரே இல்லை, இறந்துவிட்டதாக நினைத்த தன் சார்ஜென்டின் பெயரில் வாழ்பவர் என்று தெரிகிறது. அந்த அசல் சார்ஜென்டுக்குக் குரல் கொடுத்தவர், 'அபோகலிப்ஸ் நவ்' என்ற வியட்நாம் போர்ப் படத்தின் நாயகன் மார்ட்டின் ஷீன்!

இது ராணுவ வீரர்களைக் கேலி செய்கிறது என்று சிலர் நினைக்கிறார்கள். சரியல்ல, கேலிக்கு உள்ளாவது அவர்களைப் பற்றி சினிமா திரும்பத் திரும்பச் சொன்ன ஒரே அச்சுக் கதை.